என்ன குழந்தை?

“பொறக்கட்டும். என்ன புள்ளைன்னு பாத்துக்கிட்டுப் பேரு வச்சுக்கலாம்.”

பாடாலூரில் நம் தோழர் ஒருவரின் வீட்டுத் திண்ணையில், அவருடைய அப்பாயி கூறிய சொற்கள் இவை. கூறியவர் கொடுமைக்காரர் அல்லர். பேரனின் மனைவி கருவுற்றிருக்கிறாள் என்று கேட்ட நாள்முதல், எந்தக் கீரை ஆகும், எந்தப் பழம் ஆகாது என்று பார்த்துப் பார்த்துச் செய்து வருபவர். ஆனால் அன்று மாலை தோழரும் அவர் துணைவியாரும் ஒரு செய்தியை வெளியிட்டபோது, அந்த மூதாட்டியின் முகம் மாறிற்று. செய்தி இதுதான்: “ஆறு திங்கள் ஆகிவிட்டது. பிறக்கப்போகும் குழந்தைக்குப் பெயரை முடிவு செய்துவிட்டோம். கதிர். ஆண் பிறந்தாலும் கதிர். பெண் பிறந்தாலும் கதிர்.”

திண்ணையிலே உடனே வழக்குத் தொடங்கிற்று. ஆணென்றால் ‘கதிர்வேல்’ என்றோ ‘கதிரேசன்’ என்றோ முடித்துவிடலாம் என்றார் சித்தப்பா. பெண்ணென்றால் ‘கதிர்ச்செல்வி’ என்று ஒரு செல்வியைச் சேர்த்துக்கொண்டால் தீர்ந்தது என்றார் அத்தை. வெறுங் கதிர் என்று வைத்தால் நாளை பள்ளிக்கூடத்தில் சிரிப்பார்கள் என்றார் அடுத்த வீட்டுக்காரர், நம்மைப் பார்த்துக்கொண்டே. ஆசிரியத் தொழில் பார்ப்பவர்கள் ஆயிற்றே, தலையாட்டுவோம் என்ற நம்பிக்கை அவருக்கு! நம் இயக்கத்து இளைஞர் ஒருவரும் அங்கே இருந்தார், கருஞ்சட்டைக்காரர், மேடையேறினால் மூடநம்பிக்கையைத் துகள் துகளாக்கும் பேச்சாளர். அவர் என்ன சொன்னார்? “பெண்ணாக இருந்தால் கயல்விழி என்று வையுங்கள் தோழர், அழகான தமிழ்ப்பெயர்!” என்றார். சித்தப்பா சொன்னது நம்மைச் சுடவில்லை. அத்தை சொன்னது சுடவில்லை. இந்தத் தோழர் சொன்னதுதான் சுட்டது. ஏன் என்பதைப் பின்னர்க் கூறுவோம்.

முதலில் அப்பாயியின் சொல்லை எடுத்துக்கொள்வோம். ‘என்ன குழந்தை என்று பார்த்துக்கொண்டு!’ எதைப் பார்ப்பதற்கு? நன்றாக அழுகிறதா, எடை எவ்வளவு, தாயும் சேயும் நலமா என்று பார்ப்பதற்கா? அல்லவே அல்ல! ஒரே ஒரு செய்தியைப் பார்ப்பதற்கு. அந்தச் செய்தி தெரிந்த பிறகுதான், மகிழ்வதா, மகிழ்வதுபோல் நடிப்பதா, ‘போகட்டும், அடுத்ததைப் பார்த்துக்கொள்ளலாம்’ என்று தாய்க்கு ஆறுதல் கூறுவதா என்பது முடிவாகிறது. பெயர் மட்டுமா காத்து நிற்கிறது? வரவேற்பே வாயிற்படியில் காத்து நிற்கிறது! பத்துத் திங்கள் வயிற்றில் வளர்ந்த உயிர், வெளியே வந்து, பாற்சோதனையில் தேறிய பிறகே பெயர் பெறவேண்டும் என்பது எந்த நாட்டு நீதி?

மிகைப்படுத்துகிறோம் என்பீர்களாயின், கணக்கைப் பாருங்கள். 2011-ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி, ஆறு வயதுக்குட்பட்ட குழந்தைகளில் ஆயிரம் ஆண்களுக்குத் தமிழ்நாட்டில் இருந்த பெண்கள் 943. பெரம்பலூர் மாவட்டத்தில் 913. அண்டையிலுள்ள அரியலூர் மாவட்டத்தில் 897. எண்களுக்கு வாய் இல்லை, இருந்தால் கதறியிருக்கும். சேலத்தில் 1992-இல் தொடங்கப்பட்ட தொட்டில் குழந்தைத் திட்டம், அந்த 2011 கணக்குக்குப் பின்னர்ப் பெரம்பலூருக்கும் அரியலூருக்கும் விரிவாக்கப்பட்டது. ‘கொல்லாதே, வேண்டாவிடில் எங்கள் தொட்டிலில் போட்டுவிட்டுப் போ’ என்று ஓர் அரசு தன் குடிமக்களைக் கெஞ்சவேண்டிய நிலை! கருவிலுள்ள குழந்தையின் பாலைக் கண்டறிந்து கூறுதல் குற்றம் என்று 1994-இலேயே சட்டம் வந்துவிட்டது. மருத்துவரின் வாயைச் சட்டம் கட்டியது. ‘என்ன குழந்தை?’ என்று கேட்கும் ஊரின் வாயை எந்தச் சட்டம் கட்டும்?

திருவள்ளூர் மாவட்டத்திலே, திருத்தணிக்கு அண்மையில், நாராயணபுரம் என்னும் சிற்றூர் இருக்கிறது. 2019-இல் செய்தித்தாள்கள் அவ்வூரைப் பற்றி எழுதின. தொடர்ந்து பெண் பிறந்தால், ஒரு பெண்ணுக்கு ‘வேண்டாம்’ என்று பெயரிடுவது அங்கே வழக்கமாம். அப்படிப் பெயரிட்டால் அடுத்தது ஆணாகப் பிறக்குமாம்! அவ்வூரை மட்டும் பழிப்பானேன்? ‘போதும்பொண்ணு’ என்று பெயர் தாங்கிய அம்மையார்கள் தமிழ்நாடெங்கும் இருக்கிறார்கள். நம் மாணவர்களின் பாட்டிமார்களிலேயே இருக்கிறார்கள். இலக்கணக் கண்கொண்டு நோக்கினால் ‘வேண்டாம்’ என்னும் சொல்லுக்கு ஆண்பாலும் இல்லை, பெண்பாலும் இல்லை. ஆயினும் அந்தப் பெயரைச் சுமக்கும் ஆண்மகன் ஒருவனையேனும் கண்டதுண்டா? பிறந்தது என்ன என்று பார்த்துவிட்டு வைத்த பெயர் அது. பார்ப்பதற்கு முன்னரே வைக்கப்பட்ட பெயர் பாடாலூரின் ‘கதிர்’. இரண்டுக்கும் உள்ள வேறுபாடு எழுத்தில் இல்லை. வைக்கப்பட்ட நேரத்தில் இருக்கிறது. ‘நீ எதுவாயினும் வருக’ என்று சொல்வதற்கு, இரண்டு பாலுக்கும் பொதுவான பெயரைத் தவிர வேறு பெயரால் இயலாது என்பதை எண்ணிப் பாருங்கள். பொதுப்பெயரின் பொருளும் அதுதான், கவர்ச்சியும் அதுதான். கேட்பதற்கு இனிமை, எழுதுவதற்குச் சுருக்கம், புதுமை மோகம் என்பவையெல்லாம் அடுத்தபடி.

பெயரில் என்ன இருக்கிறது என்று கேட்கும் அறிவாளிகள் சிலர் உண்டு. பெயரில் ஒன்றும் இல்லையென்றால், சாதியை ஏன் பெயரின் பின்னால் கட்டித் தொங்கவிட்டார்கள்? 1929 பிப்ரவரியில் செங்கற்பட்டில் கூடிய முதலாவது சுயமரியாதை மாகாண மாநாடு, சாதிப் பட்டங்களைப் பெயரோடு சேர்த்துக்கொள்வதை விட்டொழிக்க வேண்டும் என்று ஏன் தீர்மானம் செய்தது? பெண்களுக்குச் சொத்தில் சம உரிமை வேண்டும் என்று முழங்கியதும் அதே மாநாடுதான். சொத்துரிமை தமிழ்நாட்டில் சட்டமாவதற்கு 1989 வரை அறுபதாண்டு பிடித்தது. இந்திய ஒன்றியம் முழுமைக்கும் 2005 வரை ஆயிற்று. சாதிவாலை அறுப்பதற்கோ சட்டம் எதுவும் தேவைப்படவில்லை. மானமுள்ளவர்கள் தாமே அறுத்தார்கள். இன்று வடபுலத்திலிருந்து வருபவர், ‘உங்கள் பெயரின் பின்பகுதி எங்கே?’ என்று நம்மைக் கேட்டு வியக்கிறார். பெயரைக் கேட்டவுடன் சாதி தெரியக்கூடாது என்றோம். பெயரைக் கேட்டவுடன், இவரை உட்கார வைப்பதா அடுக்களைக்கு அனுப்புவதா என்பது மட்டும் தெரிய வேண்டுமோ?

இங்கேதான் அந்தக் கருஞ்சட்டைத் தோழரின் சொல் நம்மைச் சுட்டது. நம் வீட்டுக் குப்பையை நாமே கூட்டவேண்டும். வடமொழிப் பெயரை அகற்றினோம், நன்று. கடவுட் பெயரை அகற்றினோம், நன்று. சாதியை அகற்றினோம், மிக நன்று. அகற்றிய இடத்தில் என்ன வைத்தோம்? ஆண்பிள்ளைக்கு வேந்தன், மாறன், செழியன், வெற்றிச்செல்வன். அரியணையும் வாளும்! பெண்பிள்ளைக்குப் பூங்கொடி, கருங்குழலி, கயல்விழி, தேன்மொழி. கொடி, கூந்தல், கண், குரல்! ஒருவனுக்கு அவன் செய்யவேண்டிய செயலைப் பெயராகச் சூட்டினோம். ஒருத்திக்கு அவளைப் பார்ப்பவர் நுகரவேண்டிய உறுப்பைப் பெயராகச் சூட்டினோம். தொட்டிலில் கிடக்கும் சிசுவுக்குக் கூந்தலின் கருமையைப் பாடியது யாருடைய கண்? புராணக்காரர் பெண்ணை வருணித்ததைப் பழித்த நாம், அந்த வருணனையைத் தனித்தமிழில் மொழிபெயர்த்துப் பிறப்புச் சான்றிதழில் ஏற்றிவிட்டோம்! ‘பெண் ஏன் அடிமையானாள்?’ என்னும் நூலிலே, பெண் விடுதலைக்கு ஆண்மை அழியவேண்டும் என்று பெரியார் ஒரு தலைப்பே இட்டு எழுதினார். அந்நூலை அலமாரியில் வைத்திருப்பவர் வீட்டிலேயே வேந்தனும் பூங்கொடியும் விளையாடுகிறார்கள். அப்பெயருள்ள தோழியர் நம்மீது சினங்கொள்ள வேண்டா. பழி உங்கள்மீது இல்லை; வைத்தவர்கள்மீது.

பாற்பொதுமை நமக்குப் புதியதா? மேனாட்டிலிருந்து கப்பலேறி வந்த நாகரிகமா? 1932-இல், ஐரோப்பியப் பயணம் முடித்துத் திரும்பிய பெரியார், திரு, திருமதி, ஸ்ரீ, ஸ்ரீமதி என்னும் அடைகளை விட்டு எல்லோரையும் ‘தோழர்’ என்றே அழைக்கவேண்டும் என்று ‘குடி அரசு’ வாயிலாகக் கேட்டுக்கொண்டார். ஆணும் தோழர், பெண்ணும் தோழர், மணமானவரும் தோழர், ஆகாதவரும் தோழர். அந்தக் காலத்துச் சுயமரியாதைக் குடும்பங்களில் ரஷ்யா, மாஸ்கோ என்றெல்லாம் குழந்தைகளுக்குப் பெயரிட்டார்கள். கேட்டவர் சிரித்தார்கள். மாஸ்கோ ஆண்பாலா, பெண்பாலா என்று எந்தப் பண்டிதராவது கூறட்டும்! வேலூரில் காந்திமதியாகப் பிறந்த பெண்ணுக்குக் கு. மு. அண்ணல்தங்கோ சூட்டிய பெயர் ‘அரசியல்மணி’. கூந்தலும் இல்லை, கொடியும் இல்லை, அரசியல்! பின்னர் மணியம்மையார் என்று நாம் அனைவரும் அறிந்த அவர், பெரியார் மறைந்த 1973 முதல் தாம் மறைந்த 1978 வரை திராவிடர் கழகத்துக்குத் தலைமை தாங்கினார்.

மறைமலையடிகள் நம் கொள்கையினர் அல்லர், சைவப் பழம். எனினும் ஒன்றைச் சொல்லத்தான் வேண்டும். 1916-இல் தனித்தமிழ் இயக்கம் தொடங்கிய வேதாசலம், மறைமலையானார். தம் மக்களின் பெயர்களையும் மாற்றினார். மாணிக்கவாசகம் என்னும் ஆண்பிள்ளைக்கு அவர் சூட்டிய தமிழ்ப்பெயர் என்ன தெரியுமா? மணிமொழி! இன்று வகுப்பறையில் மணிமொழி என்று அழைத்தால் எழுந்து நிற்பவர் பெண்ணாகத்தான் இருப்பார். ஒரு நூற்றாண்டில் ஒரு பெயர் பால்மாறி நிற்கிறது. பெயருக்கு இயற்கையாகப் பால் உண்டு என்போர் இதற்கு என்ன விடை கூறுவர்?

இன்னும் பின்னே செல்வோம். தொல்காப்பியத்தின் உரையாசிரியர்கள் பொதுப்பெயருக்குக் காட்டும் சான்றுகளில் ஒன்று ‘கோதை’. கோதை வந்தான் எனலாம். கோதை வந்தாள் எனலாம். சேரவேந்தர் கோதை என்று பெயர் கொண்டார்கள். வில்லிபுத்தூர்ப் பெண்ணும் கோதை என்று பெயர் கொண்டாள். மாலையைக் குறிக்கும் அந்தச் சொல்லை அணிந்ததனால் சேரனின் வீரம் குன்றிப் போயிற்றா? பாடாலூருக்கு அண்மையில், கல்லாகிப்போன மரத்தால் உலகெங்கும் பெயர்பெற்ற சாத்தனூர் இருக்கிறது. அந்தச் ‘சாத்தன்’ என்னும் பெயரையும் உரையாசிரியர்கள் விடவில்லை. சாத்தன் வந்தான் என்றால் மனிதன். சாத்தன் வந்தது என்றால் எருது. வினையைக் கொண்டே தெரிந்துகொள்க என்கிறார்கள். அதாவது, பெயர் சொல்லாததை வினை சொல்லும். இலக்கணத்துக்கு உரியதாகவே இருக்கட்டும். நமக்கு இது வாழ்க்கைக்கும் உரியதாகத் தோன்றுகிறது. சங்கப் புலவர் பெயர்களின் ஈற்றில் நிற்கும் ‘ஆர்’ ஆணையும் பெண்ணையும் ஒருங்கே சிறப்பிக்கிறது. அதனால்தான், சங்க காலத்துப் பெண்பாற் புலவர் எத்தனை பேர் என்பதில் ஆய்வாளர்கள் இன்றுவரை ஒரே தொகைக்கு வரவில்லை. சில பாடல்களைப் படித்துவிட்டு, பாடியவர் ஆணா பெண்ணா என்று சொல்ல முடியவில்லை. பாட்டு குறைந்துவிட்டதா?

குழப்பம் வரும், குழப்பம் வரும் என்று கூச்சலிடுவோரிடம் நாம் கேட்கிறோம்: எங்கே வரும்? பிறப்புச் சான்றிதழில் பாலைக் குறிப்பதற்குத் தனியாக ஒரு கட்டம் இருக்கிறது. பள்ளிச் சேர்க்கைப் படிவத்தில் இருக்கிறது. ஆதார் அட்டையில் இருக்கிறது. ஒரு கட்டம் செய்யும் வேலையைப் பெயரும் சேர்ந்து செய்வானேன்? வகுப்பிலே இரண்டு ‘தமிழ்’ இருந்ததுண்டு, நம் அனுபவத்தில்; ஒருவர் மாணவன், ஒருவர் மாணவி. வருகைப் பதிவேட்டைப் படித்தால் இருவரும் ஒருசேர எழுந்தார்கள், பிள்ளைகள் சிரித்தார்கள், மறுநாள் முதல் தலைப்பெழுத்தைச் சேர்த்து அழைத்தோம், சிரிப்பு நின்றது. இவ்வளவுதான் அந்தப் பெருங்குழப்பம்! (அந்தத் தலைப்பெழுத்து மட்டும் ஏன் தந்தையின் எழுத்தாகவே இருக்கிறது என்பது வேறொரு வழக்கு, பிறகு நடத்துவோம்.) உண்மையான குழப்பம் அந்தப் பதிவேட்டிலேயே இருந்தது. எத்தனையோ பள்ளிகளில் ஆண்பிள்ளைகளை முன்னும் பெண்பிள்ளைகளைப் பின்னும் எழுதுகிறோம். பெண்களின் பெயருக்குச் சிவப்பு மை. பிழையைத் திருத்தவும் சிவப்பு மை. பெண்ணின் பெயரை எழுதவும் சிவப்பு மை!

பொதுத்தேர்வு விடைத்தாளைத் திருத்துவோர் கைக்கு மாணவரின் பெயர் வருவதில்லை. எண் ஒன்றை இட்டு மறைத்துத் தருகிறார்கள். ஏன்? பெயர் பேசிவிடும் என்ற அச்சம். எந்தச் சாதி, எந்த மதம், ஆணா பெண்ணா என்று அது பேசிவிடும். திருத்துபவர் நேர்மையாளராயினும் கை ஒருபுறம் சாய்ந்துவிடும். அறிவை அளக்க வேண்டிய மூன்று மணி நேரத்துக்கு மட்டும் பெயரின் வாயை அடைக்கிறார்கள். நாம் வேண்டுவது, அந்த மூன்று மணி நேரத்து நீதியை வாழ்நாள் முழுமைக்கும் நீட்டுவதுதான். வேலைக்கு விண்ணப்பிக்கும்போது, கடன் கேட்கும்போது, வாடகைக்கு வீடு தேடும்போது, ‘கதிர்’ என்று மட்டும் கையொப்பமிட்டவரை, அவர் எழுதியதைப் படித்துத்தான் அறியமுடியும்.

வெளிநாட்டுச் செய்தி ஒன்று, சுவையானது. ஜெர்மனியில் இந்தியத் தொடர்புடைய ஒரு குடும்பத்தார் தம் பெண்குழந்தைக்குக் ‘கிரண்’ என்று பெயரிட விரும்பினர். பதிவு அலுவலகம் மறுத்தது. பெயரைக் கேட்டால் ஆணா பெண்ணா என்று தெரியவேண்டும், இதில் தெரியவில்லை, தெளிவான இரண்டாம் பெயர் ஒன்றைச் சேர்த்து வாருங்கள் என்றது. நம் பாடாலூர் அத்தை ‘செல்வியைச் சேர்’ என்றாரே, அதே சட்டம்! வழக்கு, அந்நாட்டு அரசியலமைப்பு நீதிமன்றம்வரை சென்றது. பெயர் பாலைக் காட்டியே ஆகவேண்டும் என்று சட்டம் எதுவும் கூறவில்லை, கிரண் என்றே இருக்கலாம் என்று 2008 டிசம்பரில் தீர்ப்பாயிற்று. கிரண் என்பதற்குப் பொருள் என்ன? கதிர்! ஐஸ்லாந்து நாட்டில் ஆண்களுக்குத் தனிப் பெயர், பெண்களுக்குத் தனிப் பெயர் என்றிருந்த கட்டுப்பாட்டை 2019-இல் சட்டத்தாலேயே நீக்கினார்கள். நம் நாட்டில் அப்படியொரு தடைச் சட்டம் இல்லை. தடை திண்ணையில் இருக்கிறது.

ஆணுக்கும் பெண்ணுக்கும் மட்டுமா இந்தப் பேச்சு? பிறந்தபோது ஊர் எழுதிய பால் ஒன்று, தம் உள்ளம் உணர்ந்த பால் வேறொன்று என்று வாழும் திருநங்கையரையும் திருநம்பியரையும் நினையுங்கள். தம் பாலைத் தாமே உணர்ந்து கூறும் உரிமை அவர்களுக்கு உண்டு என்று உச்ச நீதிமன்றம் 2014 ஏப்ரல் 15-இல் தீர்ப்பளித்தது. உரிமை கிடைத்தது, அதன் பிறகு அரசிதழில் பெயர் மாற்றம், பள்ளிச் சான்றிதழ், குடும்ப அட்டை, வங்கிப் புத்தகம் என்று ஒவ்வொரு சாளரத்தின் முன்னும் நின்று, பழைய பெயரை வாய்விட்டுச் சொல்லி, எதிரிலிருப்பவரின் ஏற இறங்கப் பார்க்கும் பார்வையைத் தாங்கவேண்டியிருக்கிறது. அன்பு என்றோ, சுடர் என்றோ பெற்றோர் முதலிலேயே வைத்திருந்தால், அந்தச் சாளரங்களில் பாதியேனும் குறைந்திருக்கும்.

இனி, இப்பக்கம் சாய்ந்துவிட்ட தோழர்களுக்கும் ஓர் எச்சரிக்கை. மகளை ‘வாடா’, ‘கண்ணா’, ‘ராஜா’ என்று கொஞ்சுவதைப் பெரிய முற்போக்கு என்று எண்ணிக்கொண்டிருக்கிறோம். மகனை ‘வாடி’ என்று கொஞ்சிய தந்தை எவரேனும் உண்டா? அப்படி ஒருவர் அழைத்தால், வீடே அவரை வைத்தியரிடம் அழைத்துச் செல்லும்! பெண்ணை ஆண்பெயரால் அழைத்தால் பதவி உயர்வு. ஆணைப் பெண்பெயரால் அழைத்தால் இழிவு. இது சமன்மை அன்று. பழைய ஏணியே புதிய இடத்தில் சாத்தப்பட்டிருக்கிறது. ஆங்கிலேயரிடம் ‘ஷர்லி’ என்பது ஆண்பெயராக இருந்தது. 1849-இல் சார்லட் பிராண்டி என்னும் எழுத்தாளர் தம் புதினத்தின் தலைவிக்கு அதைச் சூட்டினார். பெண்கள் அப்பெயரை விரும்பி ஏற்றனர். அவ்வளவுதான், ஆண்பிள்ளைக்கு அதை வைப்பதை விட்டுவிட்டார்கள்! பெண் தொட்ட பெயர் தீட்டாகிவிட்டது. மணிமொழிக்கு நேர்ந்ததும் அதுவேயன்றி வேறென்ன? ஆகவே பொதுப்பெயரைப் பெண்மக்களுக்கு மட்டும் வைத்து மகிழ்வது போதாது. எழில், அமுது, இசை, யாழ், தென்றல், நிலவு, மகிழ் என்னும் பெயர்களை ஆண்மக்களுக்கும் வையுங்கள். தென்றல் என்று பெயர் பெற்ற பையன் கபடியாடினால் கபடி கெட்டுவிடாது.

சீக்கியர்களிடம் குர்பிரீத், அமர்ஜீத் என்னும் பெயர்கள் இருபாலார்க்கும் பொது. கேட்க மகிழ்ச்சிதான். ஆனால் பின்னால் சிங் என்றும் கவுர் என்றும் சேர்த்து, ஆணையும் பெண்ணையும் பிரித்துக் காட்டிவிடுகிறார்கள். கதிர்ச்செல்வியை ஒப்புக்கொண்டால் நமக்கும் அந்த நிலைதான்.

இயற்கையே ஆண் பெண் என்று பிரித்திருக்கிறதே, நீங்கள் யார் அழிப்பதற்கு என்பார் சித்தப்பா. பிரிவை நாம் மறுக்கவில்லை. பாடாலூரைச் சுற்றி மக்காச்சோளம் விளைகிறது. அவர் நிலத்திலும் விளைகிறது. ஒவ்வொரு செடியின் உச்சியிலும் ஆண்பூ. இடையிலே பட்டுநூல் தொங்கும் பெண்பூ. அதுதான் கதிராக முற்றுகிறது. இரண்டும் ஒரே தண்டில், ஒரே வேரில், ஒரே பெயரில்! இயற்கை அந்த ஆண்பூவுக்கு அரியணையும் பெண்பூவுக்கு அடுப்பையும் ஒதுக்கிக் கொடுக்கவில்லை. ஒதுக்கியது மனிதன். மனிதன் செய்ததை மனிதன் மாற்றலாம்.

பஞ்சாங்கக்காரரைப் பற்றி நெடிது பேச நமக்கு விருப்பமில்லை. அந்தப் பாம்பை நம் முன்னோர் போதுமான அளவு அடித்துவிட்டார்கள். எனினும் அது இன்னும் நெளிகிறது என்பதற்கு ஒன்று மட்டும். பிறந்த நட்சத்திரத்துக்கு இன்ன எழுத்தில்தான் பெயர் தொடங்கவேண்டும் என்று ஒரு பட்டியல் வைத்திருக்கிறார்கள். அதிலே திருவாதிரைக்குரிய எழுத்துகளில் ஒன்று ‘ங’! ங-வில் தொடங்கும் பெயர் ஒன்றை எந்தச் சோதிடராவது தம் பேரனுக்குச் சூட்டிக் காட்டட்டும். இந்தப் பட்டியலுக்குப் பயந்துதான், படித்த பெற்றோர் ஷ்-ஐயும் ஹ்-ஐயும் க்ஷ்-ஐயும் கலந்து குலுக்கி, பொருளும் தெரியாமல் பொருத்தமும் தெரியாமல் பெயர் வைக்கிறார்கள். நம்மிடம் பயிலும் பிள்ளைகளிடம் ‘உன் பெயருக்கு என்ன பொருள்?’ என்று கேட்டால், பாதிப்பேர் விழிக்கிறார்கள். கதிரைக் கேட்டால் இரண்டு பொருள் சொல்லும். ஒன்று வானத்தில், ஒன்று வயலில்.

இளைஞர்களே, மாநாடு கூட்டித் தீர்மானம் போட வேண்டிய காரியமன்று இது. அடுத்து உங்கள் வீட்டிலோ, நண்பர் வீட்டிலோ ஒரு பெண் கருவுற்றால், குழந்தை வருமுன்பே பெயரைச் சொல்லிவிடுங்கள். வாய்க்குள் முணுமுணுக்காமல் ஊரறியச் சொல்லுங்கள். கேட்பவர் ‘பெண்ணாகப் பிறந்தால்?’ என்பார். ‘அப்போதும் அதே பெயர்தான்’ என்று சொல்லிவிட்டு, அவர் முகத்தைக் கவனியுங்கள்.

பாடாலூர்த் தோழரின் துணைவியாருக்கு அடுத்த திங்கள் பேறுகாலம். பெயர் சூட்டு விழாவுக்கு அழைப்பிதழ் அச்சிடக் கொடுத்தாயிற்று; நாளுக்கு மட்டும் இடம் விட்டிருக்கிறது. ‘எங்கள் குழந்தை கதிர்’ என்று இருப்பதைப் பார்த்த அச்சகத்தார், மகனா மகளா என்று போடாமல் விட்டுவிட்டீர்களே என்று இருமுறை தொலைபேசியில் கேட்டாராம். சித்தப்பா இன்னும் முறுக்கிக்கொண்டுதான் இருக்கிறார். கயல்விழி என்ற கருஞ்சட்டைத் தோழர் நம்மோடு ஒரு வாரம் வாதாடிவிட்டு, இப்போது பேசாமல் இருக்கிறார். அப்பாயியும் ஒப்பியதாகச் சொல்ல முடியாது. பெயர் என்றால் அதில் ஒரு சாமியாவது இருக்கவேண்டாமா என்பது அவர் கட்சி. ஆனால் சென்ற ஞாயிறு நாம் அங்கே போயிருந்தபோது, பின்கட்டில் வெங்காயம் ஆய்ந்துகொண்டே, எதிரில் அமர்ந்திருந்த பேரன் மனைவியைப் பார்த்து அவர் கேட்டது நம் காதில் விழுந்தது:

“ஏம்மா, கதிரு இன்னிக்கு உதைக்குதா?”